முதலில் கேட்டார், பின்னர்ப் படமெடுத்தார்

கதைப்படம் என்றால் நம் இல்லங்களில் அறியாதார் இலர். விவரணப் படம் என்பது வேறு. அதில் நடிகர்கள் இல்லை, ஒப்பனை இல்லை. நடந்தவற்றை, அவற்றை நேரில் கண்டு அனுபவித்தவர்களின் வாய்மொழியாகவே அது நமக்குக் காட்டும். ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக இத்துறையில் உழைத்துத் தம் மக்களின் வாழ்வையும் பண்பாட்டையும் உலகறியச் செய்தவர் கனடா நாட்டின் அலனிஸ் ஒபோம்சாவின் அம்மையார். அவருடைய பணிக்கு வித்திட்டது ஒரு வகுப்பறை. ஆகவே பள்ளி மலரில் அவரைப் பற்றி எழுதுவது பொருந்தும் என எண்ணினோம்.

1932ஆம் ஆண்டில் பிறந்த அம்மையார் அபெனாக்கி என்னும் பூர்வகுடியைச் சேர்ந்தவர். குவெபெக் மாநிலத்திலுள்ள ஒடனாக் என்னும் ஊரில் வளர்ந்தார். தாய்வழி உறவினரான தியோபில் பனாடிஸ் என்னும் பெரியவர் குலக்கதைகளையும் பாடல்களையும் அவருக்குக் கற்பித்தார். அவருடைய ஒன்பதாம் வயதில் குடும்பம் நகருக்குக் குடிபெயர்ந்தது. அங்கே பள்ளியில் பூர்வகுடிப் பிள்ளை அவர் ஒருவரே. வரலாற்றுப் பாடநூலோ அவர்தம் முன்னோரைக் காட்டுமிராண்டிகள் என்றது. அப்பாடம் நடந்த நாள்களில் உடன் பயின்றோர் அவரை அடித்தனர். பெரியவர் சொன்ன கதையும் பாடநூல் சொன்ன கதையும் ஒன்றல்ல என்பது அப்பிள்ளைக்கு அன்றே விளங்கிவிட்டது.

வளர்ந்தபின் அவர் பாடகியானார். பள்ளிகளுக்கும் சிறைச்சாலைகளுக்கும் சென்று பாடினார்; கதை சொன்னார். ஒடனாக் ஆறு மாசடைந்தது. அண்டை ஊர் நீச்சல் குளத்திலோ பூர்வகுடிச் சிறுவர்க்கு இடமில்லை. தம் ஊரிலேயே ஒரு குளம் அமைக்க அம்மையார் பாடிப் பொருள் திரட்டினார். அம்முயற்சியைத் தொலைக்காட்சியில் கண்ட கனடா தேசியத் திரைப்படக் கழகத்தார் 1967இல் அவரைத் தம்மிடம் அழைத்துக்கொண்டனர்.

அவருடைய முதற்படம் 1971இல் வந்தது. பதின்மூன்று நிமிடங்களே ஓடும் சிறு படம். மூஸ் பேக்டரி என்னும் ஊரில் பூர்வகுடிப் பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்துத் தங்கவைத்த உறைவிடப் பள்ளி ஒன்று இருந்தது. கிறிஸ்துமஸ் நாளில் வீடு எப்படி இருக்கும் என்று அப்பிள்ளைகள் வண்ணக்கோல்களால் வரைந்தனர். அவ்வோவியங்களும் அவர்களுடைய குரலும் சேர்ந்ததே படம். பெரியவர் ஒருவர் குறுக்கே வந்து விளக்கம் கூறுவதில்லை. அவருடைய படங்களுள் எமக்கு மிகவும் பிடித்தது இதுவே.

அவர் வேலை செய்யும் முறையும் அறியத்தக்கது. ஓர் ஊருக்குச் சென்றதும் படக்கருவியை வெளியே எடுப்பதில்லை. ஒலிப்பதிவுக் கருவியுடன் தனியே அமர்ந்து, மக்கள் பேசுவதை மணிக்கணக்கில் கேட்பார். ஒளியும் ஆள்கூட்டமும் எதிரே நின்றால் எளியவர்க்கு நாவெழாது அன்றோ! படப்பிடிப்பு அதன் பின்னரே தொடங்கும்.

1990இல் குழிப்பந்தாட்டத் திடலை விரிவாக்குவதற்காக மோஹாக் மக்களின் பைன் மரத் தோப்பையும் அதனையொட்டிய இடுகாட்டையும் எடுத்துக்கொள்ள முனைந்தனர். மக்கள் தடுப்பரண் கட்டினர், இராணுவம் வந்தது. 78 நாள் நீடித்த அப்போராட்டத்தினூடே அம்மையார் அங்கேயே இருந்து படமெடுத்தார். 1993இல் வெளிவந்த அப்படம் உலகப் புகழ் பெற்றது.

வடக்கே அட்டவாபிஸ்காட் என்னும் ஊரில் 1979இல் பள்ளிக்கூடத்தின் அடியில் டீசல் எண்ணெய் கசிந்தது. மண் நஞ்சாகி, 2000ஆம் ஆண்டில் பள்ளி மூடப்பட்டது. பிள்ளைகள் தற்காலிகக் கொட்டகைகளில் ஆண்டுக்கணக்கில் பயின்றனர். ஷானன் கூஸ்டாச்சின் என்னும் மாணவியும் தோழர்களும் புதுப்பள்ளி வேண்டி நாடெங்கும் உள்ள பிள்ளைகளுக்கு வேண்டுகோள் விடுத்தனர். 2008இல் தலைநகர் சென்று அமைச்சரையே கண்டனர். அவர் இயலாது என்றார். 2010இல் சாலை விபத்தில் ஷானன் உயிர்நீத்தபோது அவளுக்கு வயது பதினைந்து. அவள் தொடங்கியதை மற்றப் பிள்ளைகள் கைவிடவில்லை. அம்மையார் 2013இல் அதனைப் படமாக்கினார். மறு ஆண்டு, அவ்வூரில் புதுப்பள்ளி திறக்கப்பட்டது.

2017இல் வெளிவந்த ஐம்பதாவது படமும் ஒரு பள்ளியைப் பற்றியதே. கிரீ இனத்துப் பிள்ளைகள் அங்கே தம் தாய்மொழி கற்கின்றனர். வரிசையாக நின்று பிடில் வாசிக்கின்றனர்.