‘ஃபிரெண்ட்ஸ்’ வீட்டை நிரப்பியவர்கள்

தொலைக்காட்சித் தொடரின் அரங்குக்குச் சுவரும் நிறமும் தருபவர் கலை வடிவமைப்பாளர். அதற்குள் யாரோ வாழ்கிறார்கள் என்று நம்பவைப்பது அரங்க அலங்கரிப்பாளரின் வேலை. 1994 முதல் 2004 வரை ஓடிய அமெரிக்கத் தொடர் ‘ஃபிரெண்ட்ஸ்’ இதற்கு அருமையான சான்று. அதன் கதாபாத்திரமான மோனிகாவின் வீட்டு ஊதாச் சுவர் கலை வடிவமைப்பாளர் ஜான் ஷாஃப்னரின் யோசனை. அவ்வீட்டுக் கதவின் பார்வைத் துளையைச் சுற்றிய மஞ்சள் சட்டத்தைக் கொண்டுவந்தவர் அலங்கரிப்பாளர் கிரெக் கிராண்டே. காபிக் கடையின் ஆரஞ்சு சோபாவை வார்னர் பிரதர்ஸ் கிடங்கிலிருந்தே எடுத்தார். எத்தனை கூர்மையான கண்!

வாங்குவது, வாடகைக்கு எடுப்பது, பட்ஜெட்டுக்குள் நிற்பது எல்லாம் அலங்கரிப்பாளர் பொறுப்பு. பொருள்களைச் சுமந்து வந்து அடுக்குபவர்கள் செட் டிரெஸ்ஸர்கள். பலர் அந்த வேலையில் தொடங்கியே அலங்கரிப்பாளராக உயர்கிறார்கள். படப்பிடிப்பின்போது செட் டிரெஸ்ஸர்களில் ஒருவர் அரங்கிலேயே இருந்து, நகர்ந்த கோப்பையைக்கூடப் புகைப்படம் பார்த்துப் பழைய இடத்தில் வைப்பார்.