பாறைக்குள் ஒரு நதி

நிலத்தடி நீர் என்றால் ஆம்பூர்க்காரருக்குக் கிணறும் போர்வெல்லும்தான். பாலாறே ஆண்டின் பெரும்பகுதி மணலுக்கடியில்தான் ஓடுகிறது. தோல் பதனிடும் ஆலைக் கழிவு அந்த நீரைக் கெடுத்த வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது ஊரறிந்த சங்கதி.

அந்த நீருக்குள் இறங்கி நீந்த முடியுமா? முடியாது. வேலூர்ப் பக்கம் கடினப் பாறை; நீர் விரிசல்களில்தான் தங்கும். நீந்தும் அளவுக்கு நீர் நிறைந்த குகை உருவாகப் பெரும்பாலும் சுண்ணாம்புக்கல் வேண்டும். கரியமில வாயு கலந்து மெல்லிய அமிலமாகும் மழைநீர், பல்லாயிரம் ஆண்டுகளில் அந்தக் கல்லைக் கரைத்துவிடும்.

மெக்சிகோவின் யூகட்டான் அப்படிப்பட்ட பூமி. குகைக்கூரை இடிந்த இடங்களில் 'செனோட்டே' எனும் நன்னீர்க் குளங்கள். 2018-இல் அங்கே நீர் நிறைந்த இரண்டு குகைகள் இணைந்திருப்பது தெரியவந்தது. அப்போது அளந்த மொத்த நீளம் சுமார் 347 கிலோமீட்டர்; சென்னையிலிருந்து திருச்சியையே தாண்டிவிடும்!

இந்தக் குகைகளில் முக்குளிக்க வரும் சுற்றுலாப் பயணியை வழிகாட்டி பகல் வெளிச்சம் தெரியும் தூரம்வரைதான் அழைத்துப்போவார். வழிநெடுகக் கயிறு. சிலிண்டர் காற்றில் ஒரு பங்கு போவதற்கு, ஒரு பங்கு திரும்புவதற்கு, மூன்றாவது பங்கு ஆபத்துக்கு. மூச்சுமுட்டினால் சட்டென்று மேலே எழ முடியாது, தலைக்கு மேல் பாறை. கால்துடுப்பு தரையில் உரசினாலோ வண்டல் கிளம்பிக் கண்ணை மறைக்கும். கிணற்றில் குதித்து நீச்சல் பழகிய தைரியமெல்லாம் இங்கே செல்லாது.

ஆசையிருப்பவர்கள் முதலில் புதுச்சேரிக் கடலில் ஸ்கூபா பழகலாம். வெளிச்சம் எட்டாத குகைக்குள் போக அதற்கென்றே தனிப் பயிற்சியும் சான்றிதழும் வேண்டும்.