கார் பாக்டரியில் எரிந்த சினிமா. கண்ணில் மண் தூவிய பட்டியல்!

வல்லக்கோட்டை,

முருகன் கோவில் பக்கம் ஷிப்டு பஸ்சுக்கு நிற்கும் வாலிபர்களுக்கு கேமரா புதிதல்ல. கம்பெனி கேட்டில் கேமரா, கடைத்தெருவில் கேமரா. "பார்த்துப் பேசு மாப்ளே, மேலேயிருந்து பார்க்கிறான்" என்று கேலி பேசிக்கொண்டே ஏறுகிறார்கள்.

இந்தக் கேலியே குற்றமாக இருந்த காலம் ஒன்று உண்டு.

1975 ஜூன் 25-ந் தேதி இரவு எமர்ஜென்சி வந்தது. பத்திரிகைகளுக்குத் தணிக்கை. 'மிசா'வில் பிடித்துப் போனால், ஏன் என்று காரணம் சொல்ல வேண்டியதில்லை. 21 மாதம் இந்தக் கூத்து!

ஊமை ஜனதா

ஒரகடத்தில் கார் பூட்டுகிறவர்கள் கேட்டால் திகைப்பார்கள். வடக்கே ஒரு கார் பாக்டரியில் அப்போது எரிந்தது பெட்ரோல் அல்ல, சினிமா!

படத்தின் பெயர் 'கிஸ்ஸா குர்சி கா'. நாற்காலியின் கதை என்று அர்த்தம். எடுத்தவர் அம்ரித் நகாதா, ஆளுங்கட்சி எம்.பி.யேதான். ஷபானா ஆஸ்மிக்கு ஊமைப் பெண் வேஷம். அவள் பெயர் ஜனதா! சஞ்சய் காந்தியின் கார் திட்டத்துக்கும் அதில் குத்தல்.

சென்சாருக்குப் போன படம் திரும்பவில்லை. பிரிண்டுகளைக் குர்கான் மாருதி பாக்டரியில் கொளுத்தியதாக வழக்கு. சஞ்சய் காந்தி, மந்திரியாக இருந்த வி.சி.சுக்லா இருவருக்கும் 1979-ல் தண்டனை. 1980-ல் சுப்ரீம் கோர்ட்டில் விடுதலை. நகாதா சளைக்காமல் படத்தை மறுபடி எடுத்து 1978-ல் வெளியிட்டார்.

வர இயலாதவர்கள்

நம்ம ஊர் சாமர்த்தியம் வேறு விதம். சோவின் 'துக்ளக்' அட்டையையே கறுப்பாக்கிக் காட்டியது. அதைவிடக் கெட்டிக்காரத்தனம் 'முரசொலி'யில் நடந்தது.

1976 ஜனவரி 31-ந் தேதி கருணாநிதி ஆட்சி டிஸ்மிஸ். தி.மு.க.வினர் கூட்டம் கூட்டமாக உள்ளே போனார்கள். பிடிபட்டவர் பெயரைப் பேப்பரில் போடக்கூடாது என்று உத்தரவு.

மூன்றாம் நாள், பிப்ரவரி 3. காஞ்சிபுரத்துக்காரரான அண்ணாவின் நினைவு நாள். அன்று 'முரசொலி'யில் ஒரு பட்டியல். சென்னை அண்ணா சதுக்கத்தில் மலர் வளையம் வைக்க வர இயலாதவர்கள் இன்னின்னார் என்று பெயர் பெயராக!

கைது என்ற சொல் கிடையாது, ஜெயில் என்ற சொல் கிடையாது. வர இயலவில்லை, அவ்வளவுதான். அதில் என்ன குற்றம் சொல்வது? தணிக்கையைத் தாண்டிவிட்டது.

எந்த ஊரில் யார் யார் 'மிசா'வில் போனார்கள் என்று கட்சிக்காரர்கள் அதை வைத்துத்தான் கணக்குப் பிடித்தார்கள்.