எஸ்எஸ்ஹெச் லாகின் ஆகலையா? எரர் மெசேஜை முதல்ல படிங்க

சர்வர்ல லாகின் ஆகலைன்னா, பலருக்கும் கை உடனே ரீஸ்டார்ட் பட்டனுக்குத்தான் போகும். நான் முதல்ல எரர் மெசேஜைத்தான் பார்ப்பேன். பாதி பதில் அதுலயே இருக்கும்.

'கனெக்‌ஷன் டைம்டு அவுட்'னு வந்தா, நாம அனுப்புன பாக்கெட்டுக்குப் பதிலே வரலை. ஐபி முகவரி சரியா, ஃபயர்வால்ல போர்ட் 22 திறந்திருக்கான்னு பாருங்க.

'கனெக்‌ஷன் ரெஃப்யூஸ்டு'ன்னா, பெரும்பாலும் மெஷின் வரைக்கும் போயாச்சு, அந்த போர்ட்ல கேட்கத்தான் யாரும் இல்லை. கிளவுட் கன்சோல் வழியா உள்ளே போய், எஸ்எஸ்ஹெச் சர்வீஸ் ஓடுதா, போர்ட் எண் மாறியிருக்கான்னு பாருங்க.

'பெர்மிஷன் டினைடு'ன்னா நெட்வொர்க்கை விட்டுடுங்க. யூசர் பெயரையும் கீயையும் சரிபாருங்க. ரெண்டும் சரின்னா, சர்வர்ல டாட் எஸ்எஸ்ஹெச் ஃபோல்டருக்கு 700, ஆத்தரைஸ்டு கீஸ் ஃபைலுக்கு 600 பெர்மிஷன் வைங்க. மத்தவங்க எழுத முடியுற ஃபைலை சர்வர் நம்பாது.

கடைசியா ஒண்ணு. கான்ஃபிக் மாத்தும்போது, திறந்திருக்கிற செஷனை மூடவே மூடாதீங்க. இன்னொரு டெர்மினல்ல லாகின் ஆகுதான்னு பார்த்த பிறகு மூடுங்க. இல்லைன்னா, சாவியை உள்ளே வச்சுட்டுக் கதவைச் சாத்தின கதைதான்!