கரிசல் காட்டு மாய மூலிகை

பாட்டிமார் சொல்லும் கதைகளில் ஒரு மூலிகை வரும். ஏழு கடல், ஏழு மலை தாண்டி வளரும். பறித்தவுடன் அதற்குச் சக்தி இராது. உரிய இடம் சேர்ந்து, உரிய வேளை வந்தால்தான் அது விழித்துக்கொள்ளும். மாணவ நண்பர்களே, அப்படி ஒரு செடி உண்மையிலேயே இருக்கிறது என்றால் நம்புவீர்களா? அதைக் காண ஏழு கடல் தாண்ட வேண்டாம். கோவில்பட்டிக்கு ரயில் ஏறினால் போதும்.

கோவில்பட்டி, விளாத்திகுளம், சாத்தூர் வட்டாரங்களின் கரிசல் காடுகளில் மஞ்சள் பூவும் தட்டையான காயுமாக நிற்கும் அந்தச் செடியின் பெயர் நிலாவாரை. ஆவாரைக்கு இது நெருங்கிய உறவு. அரேபியாவும் வடகிழக்கு ஆப்பிரிக்காவும் இதன் தாயகம். உலகச் சந்தையில் இதற்குத் 'திருநெல்வேலி சென்னா' என்று பெயர். கோவில்பட்டி 1986 முதல் தூத்துக்குடி மாவட்டத்தில் இருக்கிறது. ஆயினும் மருந்து நூல்களில் பழைய மாவட்டத்தின் பெயரே நிலைத்துவிட்டது.

உழவர்கள் பலர் இதை 'அவுரி' என்பார்கள். நீலச்சாயம் தரும் வேறொரு செடிக்கும் அவுரி என்றே பெயர்! இத்தகைய குழப்பத்தைத் தவிர்க்கத்தான் தாவரவியலார் ஒவ்வொரு செடிக்கும் உலகம் முழுவதற்குமாக ஒரே பெயரை வைக்கின்றனர். நிலாவாரையின் அறிவியல் பெயர் சென்னா அலெக்ஸாண்ட்ரினா.

வறட்சிக்கு அஞ்சாத செடி

கரிசல் மண்ணில் களிமண் மிகுதி. மழை பெய்தால் நீரை உறிஞ்சி உப்பும். காய்ந்தால் சுருங்கிப் பாளம் பாளமாக வெடிக்கும். வடகிழக்குப் பருவமழை ஓய்ந்த பிறகும் அடிமண்ணில் ஈரம் தங்கியிருக்கும். நிலாவாரையின் வேர் ஆழமாகச் சென்று அந்த ஈரத்தைத் தேடிக்கொள்ளும். ஆகவே மானாவாரிக்கு ஏற்ற பயிர் இது. ஆனால் தண்ணீர் தேங்கினால் தாங்காது, அழுகிவிடும்.

விதைத்த இரண்டு, மூன்று மாதங்களில் முதல் பறிப்பு. பிறகு சில வார இடைவெளியில் மேலும் இரண்டு முறை இலை பறிக்கலாம்.

நிழலில் நடக்கும் ரசவாதம்

பறித்த இலையைக் கடும் வெயிலில் போட மாட்டார்கள். நிழலில் மெல்லிய பரப்பாக விரித்து, அடிக்கடி கிளறிவிட்டு, பசுமை மாறாமல் உலர்த்துவார்கள். ஏன் தெரியுமா?

நிலாவாரையின் மருந்துப் பொருள்களுக்குச் சென்னோசைடுகள் என்று பெயர். 1941-இல் சுவிட்சர்லாந்தின் ஆர்தர் ஸ்டோலும் அவருடைய குழுவினரும் இவற்றைப் பிரித்தெடுத்தனர். சென்னோசைடு ஓர் இரட்டை மூலக்கூறு. அதன் ஒவ்வொரு பாதியிலும் ஒரு குளுக்கோஸ் ஒட்டியிருக்கும். பச்சை இலையில் பெரும்பாலும் பாதிகள் தனித்தனியாகவே உள்ளன. மிதமான வெப்பத்தில் இலை மெல்ல உலரும்போது, இலையிலுள்ள நொதிகள் அவற்றை இரண்டிரண்டாக இணைக்கின்றன. வெப்பம் மிகுந்தால் நொதிகள் செயலிழந்துவிடும். அதாவது, உழவர் நிழலில் உலர்த்தும்போது மருந்தின் பெரும்பகுதி அங்கேதான் உருவாகிறது!

இந்நேரத்தில் எதிர்பாராத மழை ஒன்று வந்தால் போதும். நனைந்த இலை கறுத்துப் பூஞ்சணம் பிடிக்கும், விலை போகாது. மாதக்கணக்கான உழைப்பு ஒரே இரவில் வீணாகும். மழையை எதிர்பார்த்து விதைத்தவர், இலை உலரும் நாட்களில் அதே மழைக்கு அஞ்சி வானத்தைப் பார்த்திருப்பார்.

பெருங்குடலில் இருக்கும் சாவி

நிலாவாரை மலச்சிக்கலுக்கு மருந்து. இரவில் உட்கொண்டால் காலையில்தான் பலன் தெரியும். இத்தனை மணி நேரம் அது என்ன செய்கிறது?

பயணம் செய்கிறது. இரைப்பையின் அமிலமும் சிறுகுடலின் நொதிகளும் சென்னோசைடை உடைக்க முடிவதில்லை. அது அப்படியே பெருங்குடலை அடைகிறது. அங்கே கோடானுகோடி பாக்டீரியாக்கள் வாழ்கின்றன அல்லவா? அவற்றில் சில குளுக்கோஸைக் கழற்றி, இரட்டை மூலக்கூறைப் பிளக்கின்றன. அப்போதுதான் 'ரெயின் ஆந்த்ரோன்' என்ற செயல்திறன் உள்ள பொருள் பிறக்கிறது. அது குடலின் அசைவைத் தூண்டுகிறது. குடல் நீரை உறிஞ்சுவதையும் குறைக்கிறது. நிழலில் பூட்டிய பூட்டைப் பெருங்குடலின் பாக்டீரியா திறக்கிறது!

புற்றுநோய் வலிக்காக மார்ஃபின் உட்கொள்வோர் மலச்சிக்கலால் மிகவும் துன்புறுவார்கள். அவர்களுக்கு இச்செடி பெரும் ஆறுதல். உலகச் சுகாதார நிறுவனத்தின் இன்றியமையா மருந்துப் பட்டியலில் சென்னாவும் இடம்பெற்றுள்ளது.

மாயம் என்று நம்பினால்...

'உடல் மெலியும் மூலிகைத் தேநீர்' என்று விற்கப்படும் பொட்டலங்கள் பலவற்றில் இந்த இலை இருக்கிறது. குடித்தால் எடை குறைவது போலத் தோன்றும். ஆனால் சற்றுச் சிந்தியுங்கள். உணவின் சத்து பெரும்பாலும் சிறுகுடலிலேயே உறிஞ்சப்பட்டுவிடுகிறது. நிலாவாரை வேலை செய்வதோ அதற்கு அடுத்த பெருங்குடலில்! எனவே வெளியேறுவது கொழுப்பு அன்று, நீர்தான். அதனுடன் பொட்டாசியம் போன்ற உப்புகளும் போய்விடுகின்றன. பொட்டாசியம் மிகவும் குறைந்தால் தசைகள் சோரும். இதயத் துடிப்பே தடுமாறக்கூடும். 'மூலிகைதானே, என்ன செய்துவிடும்?' என்று நாள்தோறும் குடிப்பவர்கள் இதை அறிய வேண்டும். காரணம் தெரியாத வயிற்று வலிக்கும் இதைக் கொடுக்கக் கூடாது. குடல்வால் அழற்சியாக இருந்தால் ஆபத்து. மருத்துவர் சொன்ன அளவில், சொன்ன நாட்களுக்கு மட்டுமே இது மருந்து.

கதையில் வரும் மூலிகைக்கு மந்திரம் தேவை. நம் கரிசல் மூலிகைக்குத் தேவை உழவரின் கைப்பக்குவம், இலையின் நொதி, குடலின் பாக்டீரியா, சரியான அளவு ஆகியவையே.

செய்து பாருங்கள்: ஒரு பிடி முருங்கை இலையை நிழலிலும், மற்றொரு பிடியை வெயிலிலும் உலர்த்துங்கள். நாள்தோறும் நிறத்தை ஒப்பிட்டுக் குறிப்பேட்டில் எழுதி வாருங்கள். எது பசுமையைக் காத்துக்கொள்கிறது?