எட்டாத உயரமா கல்வி? – 11: ஷிஃப்ட் முடிந்த பிறகு ஒரு பட்டம்

பத்தாம் வகுப்புச் சான்றிதழில் மதிப்பெண்ணே இல்லாத ஒரு செட் தமிழ்நாட்டில் இருக்கிறது. 2020 மார்ச்சில் பள்ளிகள் பூட்டப்பட்டபோது அவர்கள் ஒன்பதாம் வகுப்பு. பத்தாம் வகுப்பின் பெரும்பகுதி வீட்டிலேயே கழிந்தது. 2021 பிப்ரவரி 25 அன்று அப்போதைய முதல்வர் எடப்பாடி பழனிசாமி 9, 10, 11 ஆகிய மூன்று வகுப்புகளுக்கும் ‘ஆல் பாஸ்’ என்று சட்டப்பேரவையில் அறிவித்தார். பொதுத்தேர்வு எழுதாமலே பத்தாம் வகுப்பைக் கடந்தவர்களுக்கு, சான்றிதழில் தேர்ச்சி என்பது மட்டும் அச்சாகி வந்தது. அந்த செட் பிளஸ் டூ முடித்தது 2023-இல்.

அடுத்த ஆண்டு, 2024 ஆகஸ்ட் 17 அன்று, ஸ்ரீபெரும்புதூர் அருகே வல்லம் வடகால் சிப்காட்டில் ஆலைகளில் வேலை செய்யும் பெண்களுக்கான ஒரு மாபெரும் குடியிருப்பை முதல்வர் மு.க. ஸ்டாலின் திறந்துவைத்தார். ஐபோன் தயாரிக்கும் பாக்ஸ்கான் நிறுவனத்தின் தலைவர் யங் லியூவும் மேடையில் இருந்தார். 706 கோடியே 50 லட்சம் ரூபாயில், 20 ஏக்கரில், 13 கட்டடங்கள். கட்டடத்துக்கு 240 அறைகள், அறைக்கு ஆறு பேர். பெருக்கிப் பார்த்தால் 18,720 பெண்கள். தமிழ்நாட்டில் பல பேரூராட்சிகளின் மக்கள்தொகையே இவ்வளவு இருக்காது. அதுவும் இங்கே எல்லோரும் ஏறக்குறைய ஒரே வயதுக்காரர்கள். எல்லோரும் ஏதோ ஒரு பள்ளியிலிருந்து நேராகவோ சற்றுச் சுற்றியோ வந்தவர்கள்.

இந்தப் பெண்களை ‘படிப்பை விட்டவர்கள்’ என்று சொல்வது தவறு. செல்போன் ஆலைகளின் லைனில் நிற்பவர்களிடம் பிளஸ் டூ சான்றிதழோ டிப்ளமோவோ இருக்கிறது. சிலரிடம் டிகிரியும் உண்டு. பிளஸ் டூ முடித்த கையோடு, வீட்டில் தம்பி தங்கை படிக்க வேண்டும், கடன் அடைக்க வேண்டும், கல்யாணத்துக்குக் கொஞ்சம் சேர்க்க வேண்டும் என்று கிளம்பி வந்தவர்கள்தான் அதிகம். இந்தியாவில் ஆலைகளில் வேலை செய்யும் பெண்களில் 40 சதவீதத்துக்கும் மேல் தமிழ்நாட்டில்தான் இருக்கிறார்கள். மாநிலம் பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் கணக்கு இது. சொல்லிக்கொள்ளவும் வேண்டியதே, பெண்களைப் பள்ளியில் நிறுத்தி வைத்ததால் கிடைத்த பலன் இது. ஆனால் பள்ளிக்குப் பிறகு?

அதற்கு முன் அந்த ஆல் பாஸ் ஆண்டுக்கு ஒரு முறை போய் வர வேண்டும். ஆன்லைன் கல்வி எல்லோருக்கும் பொதுவானது என்ற நம்பிக்கை அப்போதுதான் சோதனைக்கு வந்தது. 2017-18-இல் தேசிய மாதிரி ஆய்வு எடுத்த கணக்கின்படி, இந்தியக் கிராமங்களில் கணினி இருந்த வீடுகள் 4.4 சதவீதம், இணைய வசதி 14.9 சதவீதம். 2021 ஆகஸ்டில் பொருளியலாளர்கள் ஜான் டிரீஸ், ரீத்திகா கேரா உள்ளிட்டோர் தமிழ்நாட்டையும் சேர்த்து 15 மாநிலங்கள், யூனியன் பிரதேசங்களில் ஏழைக் குடும்பத்துப் பிள்ளைகளிடம் விசாரித்தார்கள். கிராமப்புறத்தில் ஒழுங்காக ஆன்லைனில் படித்தவர்கள் 8 சதவீதம். எதையுமே படிக்காதவர்கள் 37 சதவீதம். கல்வித் தொலைக்காட்சி இங்கே 2019-லேயே தொடங்கியிருந்ததால் தமிழ்நாட்டுக்கு ஒரு கைப்பிடி கிடைத்தது, அவ்வளவுதான். 2020 ஜூலையில் அந்தத் தொலைக்காட்சி வழியே வகுப்புகள் தொடங்கிய அதே நாட்களில்தான், ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்து பாக்ஸ்கான் ஆலையில் ஐபோன் 11 தயாராகிறது என்ற செய்தியும் வெளியானது.

பிறகு நடந்ததுதான் கவனிக்க வேண்டியது. 2021 அக்டோபர் 27 அன்று விழுப்புரம் மாவட்டம் முதலியார்குப்பத்தில் ‘இல்லம் தேடிக் கல்வி’ தொடங்கியது. தெருவிலோ திண்ணையிலோ கோயில் மண்டபத்திலோ, மாலையில் ஒன்றரை மணி நேரம், சுமார் இருபது பிள்ளைகளுக்கு ஒரு தன்னார்வலர். ஒன்று முதல் ஐந்தாம் வகுப்பு வரை சொல்லித்தர பிளஸ் டூ போதும். மாதம் 1,000 ரூபாய் ஊக்கத்தொகை. வந்தவர்களில் மிகப் பெரும்பாலோர் பெண்கள். கார்த்திக் முரளிதரன், அபிஜித் சிங், மவுரிசியோ ரொமேரோ ஆகிய பொருளியலாளர்கள் தமிழ்நாட்டுக் கிராமங்களில் ஏறத்தாழ 19,000 பிள்ளைகளைச் சோதித்தார்கள். பள்ளி திறந்த ஆறு மாதத்துக்குள், இழந்த கற்றலில் மூன்றில் இரண்டு பங்கு மீண்டிருந்தது. அந்த மீட்சியில் 24 சதவீதம் இந்த மாலை வகுப்புகளால் வந்தது என்பது அவர்கள் கணக்கு. திரை விட்ட இடத்தை, பக்கத்து வீட்டு அக்கா பிடித்துக்கொண்டார்.

அந்த அக்காவும், வல்லம் வடகாலில் தங்கி லைனில் நிற்கும் பெண்ணும் வைத்திருப்பது ஒரே பிளஸ் டூ சான்றிதழ்தான்.

இப்போது முக்கியமான இடத்துக்கு வரலாம். 2022 செப்டம்பர் 5 அன்று சென்னை பாரதி மகளிர் கல்லூரியில் ‘புதுமைப் பெண்’ திட்டம் தொடங்கப்பட்டது. மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் பெயரில் அதுவரை திருமணத்துக்குத் தரப்பட்ட உதவி, படிப்புக்கான உதவியாக மாறியது. அரசுப் பள்ளியில் 6 முதல் 12 வரை படித்த பெண், கல்லூரியிலோ பாலிடெக்னிக்கிலோ ஐடிஐயிலோ சேர்ந்தால், படிப்பு முடியும் வரை மாதம் 1,000 ரூபாய் வங்கிக் கணக்கில் வரும். தாலிக்குத் தங்கம் தந்த பணத்தைப் புத்தகத்துக்குத் திருப்பியது, சமீப காலத்தில் இந்த மாநிலம் எடுத்த நல்ல முடிவுகளில் ஒன்று. 2024-இன் கடைசியில் அரசு உதவிபெறும் பள்ளிகளில் தமிழ் வழியில் படித்த பெண்களுக்கும் அது விரிந்தது.

ஆனால் அதன் விதிகளில் ஒரு வரி உண்டு: தொலைதூரக் கல்வியிலும் அஞ்சல் வழியிலும் படிப்பவர்களுக்கு இந்த உதவி கிடையாது.

ஒரே அரசுப் பள்ளியில், ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்த இரண்டு பெண்களை நினைத்துக்கொள்ளுங்கள். ஒருத்தி பக்கத்து ஊர்க் கலைக் கல்லூரியில் பி.ஏ. சேர்கிறாள்; அவளுக்கு மாதம் ஆயிரம். இன்னொருத்தி வீட்டு நிலைமையால் ஸ்ரீபெரும்புதூருக்கு பஸ் ஏறுகிறாள். எட்டு மணி நேர ஷிஃப்ட் பார்த்துவிட்டு, அதே பி.ஏ.வை ‘கரஸ்’ஸில் போடுகிறாள். அவளுக்கு ஒன்றுமில்லை. வகுப்பில் உட்காரும் வசதி உள்ளவளுக்குக் கை கொடுத்து, இல்லாதவளைத் தாண்டிப் போகும் விதி இது. திட்டத்தை வகுத்தவர்களின் பயமும் புரிகிறது: பணத்துக்காகப் பெயரளவில் எங்காவது சேர்ந்துகொள்வார்கள், கல்லூரிக்கு வரும் பெண்களும் கரஸுக்குப் போய்விடுவார்கள். நியாயமான பயம். அதற்கு மருந்து, தேர்வெழுதித் தேர்ச்சி பெற்ற பருவத்துக்குப் பணம் தருவது. மொத்தமாகக் கதவைச் சாத்துவது அல்ல.

கரஸ் தமிழ்நாட்டுக்குப் புதிதும் அல்ல, இழுக்கும் அல்ல. அண்ணாமலைப் பல்கலைக்கழகம் 1979-இலும், சென்னைப் பல்கலைக்கழகம் 1981-இலும் அஞ்சல் வழிக் கல்வியைத் தொடங்கின. எத்தனையோ அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் அந்த வழியில் பட்டம் வாங்கி மேலே வந்தார்கள். தமிழ்நாடு திறந்தநிலைப் பல்கலைக்கழகம் 2002-இல் வந்தது. அங்கீகாரம் பெற்ற தொலைதூர, ஆன்லைன் பட்டம் நேரடிப் பட்டத்துக்குச் சமம் என்று 2022 செப்டம்பரில் பல்கலைக்கழக மானியக் குழு திட்டவட்டமாக அறிவித்துவிட்டது. சட்டத்தின் கண்ணில் இரண்டும் ஒன்று. உதவித்தொகையின் கண்ணில் வேறு வேறு.

வல்லம் வடகாலில் ஒரு ஆன்லைன் மாணவியின் நாள் எப்படி இருக்கும் என்பதைக் கணக்குப் போட்டுப் பார்க்கலாம். எட்டு மணி நேர வேலை, கம்பெனி பஸ்ஸுக்குக் காத்திருப்பு, சாப்பாட்டு வரிசை, துணி துவைப்பு. மின்னணு ஆலைகளில் பொதுவாக லைனுக்குள் சொந்த போன் கொண்டுபோக முடியாது. ஆக இடைவேளையில் பாடம் கேட்பது நடக்காது. வாரத்துக்கு வாரம் ஷிஃப்ட் மாறினால் தூங்கும் நேரமும் மாறும். ஆறு பேர் இருக்கும் அறையில் ஒருத்தி விளக்குப் போட்டால் ஐந்து பேரின் தூக்கம் கெடும். கையில் போன் இருக்கிறது, டேட்டா இருக்கிறது. 2020-இல் இல்லாமல் போனது அதுதான். இப்போது இல்லாதது நேரமும் ஒரு மேசையும். 2023 ஏப்ரலில் 12 மணி நேர வேலைக்கு வழி திறக்கும் மசோதா சட்டப்பேரவையில் நிறைவேறி, எதிர்ப்பு கிளம்பியதும் மே தினத்தன்று திரும்பப் பெறப்பட்டது. அது நிலைத்திருந்தால், இந்தக் கட்டுரையில் பேசுவதற்கு எந்த மாலையும் மிஞ்சியிருக்காது.

தேர்வு நாள் இன்னொரு சிக்கல். ஐஐடி மெட்ராஸ் 2020-இல் தொடங்கிய தரவு அறிவியல் ஆன்லைன் பட்டம், வருமானத்தையும் சமூகப் பிரிவையும் பார்த்துக் கட்டணத்தில் பெரும் சலுகை தருகிறது. பாதியில் நின்றாலும் சான்றிதழோ டிப்ளமோவோ கையில் கிடைக்கும். வல்லத்திலிருந்து அந்த ஐஐடி இருக்கும் கிண்டி ஒன்றும் எட்டாத தூரமில்லை. ஆனால் அதிலும் தேர்வை மையத்துக்கு நேரில் போய்த்தான் எழுத வேண்டும். அன்றைக்கு ஷிஃப்ட் இருந்தால்? லீவு போட்டால் சம்பளம் போகும். காண்ட்ராக்ட் தொழிலாளி என்றால் அடுத்த மாத வேலையே சந்தேகமாகும்.

படிப்பின் வகையிலும் ஒரு முரண். பொறியியலைத் தொலைதூரத்தில் நடத்த அனுமதி இல்லை. ஆகவே நாள் முழுக்க மின்னணுப் பொருளைக் கையில் வைத்து வேலை செய்பவள், கரஸில் பொறியியல் பட்டம் எடுக்க முடியாது; பெரும்பாலும் வரலாறோ வணிகவியலோதான். வேலை பார்ப்பவர்களுக்கு ஏற்ற நேரத்தில் கல்லூரிகள் வகுப்பு நடத்த 2023-24 முதல் அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழு (ஏஐசிடிஇ) வழிவிட்டிருக்கிறது. கல்லூரியிலிருந்து குறிப்பிட்ட தூரத்துக்குள் வேலை செய்ய வேண்டும் என்பது நிபந்தனை. பென்னலூரில் ஸ்ரீ வெங்கடேஸ்வரா பொறியியல் கல்லூரி, தண்டலத்தில் ராஜலட்சுமி பொறியியல் கல்லூரி என்று நெடுஞ்சாலை நெடுகக் கல்லூரிகள் இருக்கின்றன. கம்பெனி பஸ்ஸும் காலேஜ் பஸ்ஸும் ஒரே சிக்னலில் நிற்கும் சாலை இது. தூரம் ஒரு பிரச்சினையே இல்லை.

இதையெல்லாம் இவ்வளவு அழுத்திச் சொல்ல ஒரு காரணம் இருக்கிறது. நோக்கியா. 2006-இல் உற்பத்தியைத் தொடங்கிய ஸ்ரீபெரும்புதூர் ஆலை 2014 நவம்பர் 1 அன்று நின்றது. ஆயிரக்கணக்கானோர், அவர்களில் பெரும்பாலோர் பிளஸ் டூ, டிப்ளமோ முடித்த இளம்பெண்கள், தொகை வாங்கிக்கொண்டு வெளியேறினார்கள். பதினெட்டு வயதில் உள்ளே போய் இருபத்தைந்தில் வெளியே வந்தவளிடம் இருந்தது அதே பிளஸ் டூ சான்றிதழ். திருமணமான பெண்களை ஐபோன் லைனில் சேர்ப்பதை பாக்ஸ்கான் தவிர்க்கிறது என்று 2024 ஜூனில் ராய்ட்டர்ஸ் செய்தி வெளியிட்டது. நிறுவனம் மறுத்தது, ஒன்றிய அரசு மாநிலத்திடம் அறிக்கை கேட்டது. விவாதம் எப்படி முடிந்தாலும், லைன் வேலையை ஆயுள் முழுக்க நம்பியிருக்க முடியாது என்பது அங்கே நிற்கும் ஒவ்வொரு பெண்ணுக்கும் தெரியும்.

வேலை பார்ப்பவர்களுக்கென்றே பல்கலைக்கழகம் கட்டிய நாடு பிரிட்டன். 1971-இல் தன் முதல் மாணவர்களைச் சேர்த்த திறந்தநிலைப் பல்கலைக்கழகம், பிபிசி வழியாகப் பாடம் நடத்தியது. அங்கேயும் 2012-இல் இங்கிலாந்தில் கட்டணம் ஏறியபோது பகுதிநேர மாணவர்கள் சரசரவென்று குறைந்தார்கள். அதற்குள் இணையம் எவ்வளவோ வளர்ந்திருந்தது. ஆனாலும் அந்தச் சரிவை இணையம் தடுக்கவில்லை.

706 கோடியில் தங்குமிடம் கட்ட முடிந்த அரசுக்கு அடுத்த வேலைகள் சில்லறைதான். புதுமைப் பெண் விதியில் அந்த ஒரு வரியைத் திருத்தலாம். ஆலையில் வேலை செய்துகொண்டே தேர்ச்சி பெறும் பெண்ணுக்கும் அந்த ஆயிரத்தை, பருவத்துக்கு ஒருமுறையாவது, தரலாம். திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தின் தேர்வு மையமும், இரவிலும் விளக்கெரியும் படிப்பறையும் அந்த 13 கட்டடங்களுக்கு நடுவிலேயே இருக்க வேண்டும். சிப்காட் நிலம் தரும் ஒப்பந்தத்தில், தேர்வு நாளுக்குச் சம்பளத்தோடு விடுப்பு என்று ஒரு நிபந்தனை சேர்க்க வேண்டும். மதிப்பெண் இல்லாத சான்றிதழோடு வந்த அந்த செட்டுக்கு இப்போது இருபது வயது தாண்டிவிட்டது. அடுத்த நிதிநிலை அறிக்கைக்குள் இதை முடிவு செய்ய வேண்டும்.

(தொடரும்)