சூடிய மலரும் கிழிந்த திரையும்

கதிரவெளி முதலாய நம் மட்டக்களப்புப் பகுதி ஊர்களின் கூத்துக் களரியிலே திரௌபதியாகவும் சுபத்திரையாகவும் வேடம் புனைந்து வந்தோர் ஆண்மக்களே. பெண் அரங்கேறுவது குலத்துக்கு இழுக்கு எனக் கருதிய காலம் அது. ஊமைப் படமும் அவ்வழியே தொடங்கிற்று. 1913-இல் பால்கே எடுத்த 'ராஜா ஹரிச்சந்திரா'வில், நாம் சந்திரமதி என்றழைக்கும் அரசியாக நடித்தவர் சாளுங்கே என்னும் ஆடவரே.

இந்நிலையில், அகஸ்தீஸ்வரத்திற் பிறந்த ஜே. சி. டானியேல் தம் நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் 'விகதகுமாரன்' என்ற ஊமைப் படத்தை எடுத்தார். மலையாளத்தின் முதற் படம் அதுவே. கதையோ நம் நாட்டைத் தொட்டுச் செல்கின்றது! திருவாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகனைக் கயவன் ஒருவன் இலங்கைக்குக் கடத்துகின்றான். தோட்டத்திலே கூலியாக வளரும் அச்சிறுவன், துரையின் அன்பைப் பெற்று மேற்பார்வையாளனாக உயர்கின்றான். அங்கு வந்து பொருளை இழந்து நிற்கும் உறவினன் ஜெயச்சந்திரனோடு ஊர் திரும்புகின்றான். அங்கே ஜெயச்சந்திரனும் சரோஜினியும் காதல் கொள்கின்றனர். முதுகிலிருந்த தழும்பினால், காணாமற்போன மகனே வந்தவன் என்பதும் சரோஜினி அவன் தங்கை என்பதும் வெளிப்படுகின்றன.

இக்காதலில் யாரும் குறை காண இடமில்லை. ஆயினும் படம் பெரும் பகையைத் தேடிக்கொண்டது. சரோஜினி நாயர் குலப் பெண். அவளாக நடித்த பி. கே. ரோசியோ தீண்டத்தகாதவரென ஒதுக்கப்பட்ட புலையர் சமூகத்தவர். காக்காரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். கூந்தலிற் சூடிய மலரைக் காதலன் முத்தமிடும் காட்சி வந்ததும், கேப்பிட்டல் அரங்கில் இருந்தோர் கொதித்தெழுந்து கல்லெறிந்து திரையைக் கிழித்தனர் என்பர். முதற் காட்சியைக் காணவும் ரோசியை உள்ளே விடவில்லையாம். அவரோடு ஒன்றாக அமர மேற்குலப் பிரமுகர் மறுத்தனராம். நடிப்பிலே நாயர் பெண்ணாக நின்றதற்கா இத்தனை சினம்?

ரோசியின் குடிசையும் எரிக்கப்பட்டதென்பர். லாரி ஒன்றில் ஏறித் தப்பிய அவர், நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் இல்லறம் நடத்தினார் எனக் கூறப்படுகின்றது. திரையில் அவர் மீண்டும் தோன்றவில்லை.

டானியேலும் பொருளிழந்து பல் மருத்துவரானார், 1975-இல் காலமானார். கேரள அரசு 1992 முதல் அவர் பெயரால் விருது வழங்குகின்றது. 2013-இல் 'செல்லுலாயிட்' என்ற படம் இருவர் கதையையும் கூறிற்று.

மூலப் படச்சுருள் இன்று இல்லை. சிறு வயதிலே அருமையறியாது விளையாட்டாகத் தீயிட்டுவிட்டதாக, டானியேலின் மகனே பின்னாளிற் கூறினார்.